தாய் சொல்லாத கதை



ஜார்ஜிய சினிமா என்றதும் நம் திரைப்படச் சங்கங்களில் வழக்கமாக எழும் பெயர்கள் மூன்று: தெங்கிஸ் அபுலாட்ஸே, ஒத்தார் யொசெலியானி, திபிலிசியில் பிறந்த ஆர்மீனியரான செர்கேய் பரஜானவ். மூவரும் பெரிய கலைஞர்கள். அதில் எனக்கு மாற்றுக் கருத்து கிடையாது. ஆனால் இவர்களோடு சேர்த்துச் சொல்ல வேண்டிய இன்னொரு பெயரை நாம் உச்சரிப்பதே இல்லை. லானா கோகோபெரிட்ஸே. இயக்குநர், திரைக்கதையாசிரியர். 1958இல் முதல் ஆவணப்படம். 2023இல், தொண்ணூறைத் தாண்டிய வயதில், இன்னோர் ஆவணப்படம். இடையில் 65 ஆண்டுகள். இன்று மாலை அவரைப் பற்றித்தான் பேசப்போகிறேன்.

அவருடைய படங்களை ஆண்டு வாரியாக அடுக்கிச் சொல்லிவிட்டு உட்காரலாம். அப்படிச் செய்தால் முக்கியமானது கை நழுவிவிடும். அந்தப் படங்களின் அடியில் ஒரே ஒரு காட்சி கிடக்கிறது என்பது என் கருத்து. சோவியத் உழைப்பு முகாமிலும் நாடுகடத்தலிலும் பத்தாண்டைக் கழித்த தாய் திரும்பி வருகிறாள். பிள்ளை வயதில் பிரிந்த மகள் இப்போது வளர்ந்த பெண். இருவருக்கும் எதிரில் நிற்பவர் அந்நியர். லானாவின் வாழ்க்கையில் நடந்தது இது. இதைத் திரையில் சொல்ல அவருக்கு நெடுங்காலம் பிடித்தது. சொல்லத் தொடங்கிய பிறகு கடைசிவரை விடவில்லை. ஆகவே மகளைப் பற்றிப் பேசுவதற்கு முன்னால் தாயைப் பற்றிப் பேசியாக வேண்டும்.

தாயின் பெயர் நுத்ஸா கோகோபெரிட்ஸே. 1902இல் பிறந்தவர். ஜெர்மனியில் யேனா நகரத்துப் பல்கலைக்கழகத்தில் தத்துவம் படித்தவர். ஊர் திரும்பி சினிமாவுக்குள் நுழைந்தார். 1928இல் 'அவர்களுடைய அரசாட்சி' என்ற படத்தை மிஹேயில் கலத்தோசவுடன் சேர்ந்து எடுத்தார். பின்னாளில் 'கொக்குகள் பறக்கின்றன' படத்துக்காக 1958இல் கான் விழாவின் தங்கப்பனை விருதைப் பெற்றாரே, அதே கலத்தோசவ். இருவரும் ஒரே இடத்திலிருந்து புறப்பட்டவர்கள். ஒருவர் உலகப் புகழ் அடைந்தார். மற்றவரின் பெயர் படச்சுருள்களோடு சேர்ந்தே காணாமல் போனது. இதில் திறமைக்கு எந்தப் பங்கும் இல்லை.

1930இல் நுத்ஸா தனியாக எடுத்த படம் 'பூபா'. ஜார்ஜியாவின் வடக்கில் உள்ள ராச்சா என்ற மலைப்பகுதி மக்களின் உழைப்பைக் காட்டும் ஆவணப்படம் அது. கலை அமைப்பு, ஜார்ஜிய நவீன ஓவியத்தின் முன்னோடிகளில் ஒருவரான தாவித் ககபாட்ஸே. 1934இல் 'உஷ்முரி'. மேற்கு ஜார்ஜியாவில் சமெக்ரெலோ பகுதியின் சதுப்பு நிலங்களை வடிகட்டி விளைநிலமாக்கும் அரசுத் திட்டந்தான் கதைக்களம். சதுப்பில் உறையும் ஆவியைப் பற்றிய ஊர் நம்பிக்கை ஒரு பக்கம், புதிய அரசின் வேகம் மறுபக்கம். ஜார்ஜியாவில் ஒரு பெண் இயக்கிய முதல் முழுநீளக் கதைப்படம் அதுதான். வெளிவந்து அதிக நாள் ஓடவில்லை, தடைசெய்யப்பட்டது.

நுத்ஸாவின் கணவர் லெவான் கோகோபெரிட்ஸே பழைய போல்ஷெவிக். 1930இல் ஜார்ஜியக் கம்யூனிஸ்ட் கட்சியின் முதல் செயலாளராகவே இருந்தவர். அடுத்த ஆண்டு அதே நாற்காலிக்கு, பின்னாளில் சோவியத் இரகசியப் போலீஸின் தலைவரான லவ்ரெந்தி பெரியா வந்தார். அதற்குப் பிறகு கைதுகளும் கொலைகளுமாக ஜார்ஜியாவில் என்ன நடந்தது என்பதை இந்த அவைக்கு விளக்க வேண்டியதில்லை. 1937 மார்ச்சில் லெவான் சுட்டுக் கொல்லப்பட்டார். அதே ஆண்டு ஆகஸ்டில் சோவியத் உள்துறை மக்கள் ஆணையம் ஓர் ஆணை பிறப்பித்தது. எண் 00486. 'தாய்நாட்டுத் துரோகிகள்' என்று தண்டிக்கப்பட்டவர்களின் மனைவியரை குறைந்தது 5 முதல் 8 ஆண்டுகள் முகாம்களில் அடைக்க வேண்டும், பிள்ளைகளை அரசு விடுதிகளுக்கு அனுப்ப வேண்டும் என்பது அதன் சாரம். கணவன் குற்றவாளி என்றால் மனைவி குற்றவாளி. பெற்றோர் குற்றவாளி என்றால் பிள்ளை சந்தேகத்துக்குரியது. இதைச் சட்டமாகவே எழுதி வைத்திருந்தார்கள். நுத்ஸாவும் கைதானார். பத்தாண்டுகள் ஊரை விட்டு, குடும்பத்தை விட்டு, வட திசைப் பனியில் கழிந்தன.

திரும்பி வந்தவர் மறுபடி கேமராவைத் தொடவில்லை. ஒரு மொழியியல் நிறுவனத்தில் வேலை பார்த்தார். முகாம் வாழ்க்கையைக் கதைகளாக எழுதி வைத்தார். தான் ஒரு காலத்தில் படம் எடுத்தவள் என்பதை மகளிடம் விரித்துப் பேசவே இல்லை. 1966இல் இறந்தார். மகள் அதற்குள் கதைப்பட இயக்குநராகி ஐந்து ஆண்டுகள் ஆகியிருந்தன. ஒரே வீட்டில் இரண்டு இயக்குநர்கள். தாயின் படங்களை மகள் பார்த்ததில்லை. படச்சுருள்கள் எங்கே இருக்கின்றன என்றும் யாருக்கும் தெரியாது. எத்தனையோ பேரைக் கொன்ற அரசு, உயிரோடு விட்டவர்களிடமிருந்து எதையெல்லாம் பறித்தது என்பதற்கு எனக்குத் தெரிந்தவரை இதைவிடத் தெளிவான சான்று இல்லை.

இனி மகள். லானா பிறந்தது 1928 அக்டோபரில், திபிலிசியில். தந்தை கொல்லப்பட்டபோது வயது எட்டு. உறவினர் அரவணைப்பில் வளர்ந்தார். ஸ்டாலின் இருந்தவரை 'மக்கள் விரோதியின் மகள்' மாஸ்கோ திரைப்படக் கல்லூரியின் வாசலை மிதிப்பது எளிதான காரியம் இல்லை. திபிலிசிப் பல்கலைக்கழகத்தில் ஆங்கில, அமெரிக்க இலக்கியம் படித்தார். வால்ட் விட்மனைப் பற்றி ஆய்வு செய்து பட்டம் பெற்றார். விட்மனை அவர் தேர்ந்தெடுத்தது எனக்கு வியப்பாக இல்லை. ஒவ்வொரு மனிதனும் பாடப்பட வேண்டியவன் என்று எழுதிய கவிஞன், தந்தையின் பெயரைக்கூட உரக்கச் சொல்ல முடியாத வீட்டில் வளர்ந்த பெண்ணுக்கு எப்பேர்ப்பட்ட துணையாக இருந்திருப்பான்! 1953இல் ஸ்டாலின் மறைந்தார். அதன் பிறகு மாஸ்கோ. செர்கேய் கெராசிமவின் பட்டறையில் பயின்று 1959இல் படிப்பை முடித்தார்.

முதல் கதைப்படம் 1961இல் வந்த 'ஒரே வானத்தின் கீழ்'. மூன்று காலகட்டங்கள், மூன்று பெண்கள், மூன்று கதைகள். பயில்வோரின் படம் என்று சிலர் ஒதுக்குவதுண்டு. ஆனால் பெண்களின் வழியாகவே நாட்டின் வரலாற்றைச் சொல்வது என்ற முடிவு அங்கேயே எடுக்கப்பட்டுவிட்டது.

1965இல் 'நான் சூரியனைப் பார்க்கிறேன்'. நோதார் தும்பாட்ஸேயின் நாவல். போர்க்காலத்து ஜார்ஜியக் கிராமம், பெற்றோர் இல்லாத சிறுவன், கண் தெரியாத சிறுமி, அந்தச் சிறுவனைத் தாயாக இருந்து வளர்க்கும் உறவுக்காரப் பெண். தும்பாட்ஸேயின் தந்தையும் 1937இல் கொல்லப்பட்டவர். அனாதைச் சிறுவனின் கதையை அனாதையாக்கப்பட்ட ஒருவர் எழுத, அனாதையாக்கப்பட்ட இன்னொருவர் படமாக்கினார். பெற்றோர் ஏன் இல்லை என்பதைச் சத்தமாகச் சொல்ல முடியாத காலம். படத்தில் அந்த இடம் காலியாக இருக்கும். காலியாக இருப்பது ஏன் என்று ஜார்ஜியப் பார்வையாளர்களுக்குத் தெரியும். சோவியத் காலத்துப் படங்களைப் பார்க்கும்போது, சொல்லாமல் விட்ட இடங்களையும் சேர்த்துத்தான் நாம் பார்க்க வேண்டும்.

நடுவில் வந்த 'எல்லைகள்', 'வாதுமை பூத்தபோது', 1975இல் வந்த இசை நகைச்சுவைப் படம் ஆகியவற்றை விட்டுவிட்டு நேராக 1978க்கு வருகிறேன். ஏனென்றால் அந்த ஆண்டில்தான் அவருடைய தலைசிறந்த படம் வந்தது. 'சொந்த விஷயங்கள் குறித்துச் சில நேர்காணல்கள்' என்பது படத்தின் பெயர்.

கதைத்தலைவி சோஃபிகோ ஒரு பத்திரிகையில் வேலை பார்ப்பவள். வாசகர் கடிதங்களைப் படித்து, புகார் எழுதியவர்களைத் தேடிப் போய் விசாரிப்பவள். கூடவே பெண்களைச் சந்தித்து அவர்களுடைய வாழ்க்கையைப் பற்றிக் கேட்கிறாள். எப்படி இருக்கிறீர்கள், என்ன வேண்டும் உங்களுக்கு என்று. ஒரு புகைப்படக்காரர் துணைக்கு வருகிறார். வீட்டில் கணவன், பிள்ளைகள், தாய் இல்லாத நாளில் அவளை வளர்த்த வயதான உறவுப் பெண்கள். எப்போது பார்த்தாலும் அவள் ஓடிக்கொண்டே இருக்கிறாள். வீட்டோடு இரு, இல்லையென்றால் அலைச்சல் இல்லாத வேலைக்கு மாறு என்கிறான் கணவன். அவன் கொடியவன் இல்லை. அன்பானவன், களைத்துப்போனவன். அவனுக்கு இன்னொரு பெண்ணோடு உறவு ஏற்படுகிறது. ஊரார் வாழ்க்கையை விசாரித்துத் திரிந்தவள் தன் வீடு இடிவதைக் கடைசியாகத்தான் காண்கிறாள்.

இவ்வளவுதான் கதை. இதை எழுதியவர்கள் மூவர்: லானா, நாவலாசிரியை சாயிரா அர்செனிஷ்விலி, எர்லோம் அக்வ்லெதியானி. சாயிராவுடன் லானா அடுத்தடுத்த படங்களிலும் சேர்ந்து எழுதினார். சோவியத் சினிமாவில் இரண்டு பெண்கள் உட்கார்ந்து பெண்களின் பேச்சை எழுதுவது அரிதிலும் அரிது. அந்த எழுத்தின் வலிமை நேர்காணல் காட்சிகளில் தெரிகிறது. நேர்காணல்களை ஆவணப்படம் போல எடுத்திருக்கிறார். பேசுகிறவளின் முகத்தை விட்டுக் கேமரா அவசரமாக விலகுவதில்லை. பெண்கள் பேசத் தொடங்கி, இடையில் நிறுத்தி, எதையோ நினைத்துக்கொண்டு, மறுபடி பேசுகிறார்கள். சிலருக்குப் பதில் தயாராக இருக்கிறது. சிலருக்கு இப்படி ஒரு கேள்வியை யாரும் கேட்டதே இல்லை என்பது முகத்திலேயே தெரிகிறது. பெண் விடுதலையைத் தான் ஏற்கெனவே சாதித்துவிட்டதாகப் பறைசாற்றிய நாட்டில், நீ நன்றாக இருக்கிறாயா என்று கேட்பதே பெரிய துணிச்சல்.

இந்தப் படத்தின் நடுவில்தான் நான் முதலில் சொன்ன காட்சி வருகிறது. சோஃபிகோவின் நினைவாக, சுருக்கமாக. முகாமிலிருந்து தாய் வருகிறாள். மகள் பார்க்கிறாள். கட்டிப்பிடித்து அழும் காட்சியாக அதை எடுத்திருந்தால் அரங்கம் முழுவதும் கண்ணீர் விட்டிருக்கும். லானா அந்த எளிய வழியை எடுத்துக்கொள்ளவில்லை. இரண்டு பேருக்கும் நடுவே பத்தாண்டு தூரம் நிற்பதை மட்டும் காட்டுகிறார். அது பிரெஷ்னெவ் காலம். முகாம்களைப் பற்றித் திரையில் பேசுவது நின்றுபோயிருந்த வருடங்கள். அபுலாட்ஸேயின் புகழ்பெற்ற 'பாவமன்னிப்பு' முடிவடைந்தது 1984இல். மக்கள் பார்க்கக் கிடைத்தது 1986க்குப் பிறகு. அதற்கு ஏறக்குறைய எட்டு ஆண்டுகள் முன்பே லானா இதைச் செய்துவிட்டார். இதை வரலாறு எழுதுகிறவர்கள் அடிக்கடி மறந்துவிடுகிறார்கள். ஒரு குடும்பக் கதைக்குள், ஒரு பெண்ணின் அந்தரங்க நினைவாக வந்ததால்தான் இது அரசியல் படம் என்று அவர்கள் கண்ணில் படவில்லை போலும்.

இன்னொன்றையும் கவனிக்க வேண்டும். கதைத்தலைவியாக நடித்தவர் சோஃபிகோ சியாவுரெலி. பரஜானவின் 'மாதுளைகளின் நிறம்' படத்தில் பல வேடங்களில் வந்த அதே நடிகை. அவருடைய தந்தை மிஹேயில் சியாவுரெலி, ஸ்டாலினைக் கடவுளாக்கிக் காட்டிய 'சபதம்', 'பெர்லினின் வீழ்ச்சி' ஆகிய படங்களின் இயக்குநர். ஸ்டாலினுக்குப் பிரியமான இயக்குநரின் மகள், ஸ்டாலின் காலத்தில் தாயைப் பிரிய நேர்ந்த மகளாக நடிக்கிறார். இயக்குபவரோ அதே ஸ்டாலின் ஆட்சி சுட்டுக் கொன்றவரின் மகள். இந்த இரண்டு பெண்களும் ஒன்றாக நின்று அந்தக் காட்சியை எடுத்த நாளை நினைத்தால் எனக்கு மெய்சிலிர்க்கிறது. சிறிய நாடுகளில் வேட்டையாடியவர் வீட்டுப் பிள்ளையும் வேட்டையாடப்பட்டவர் வீட்டுப் பிள்ளையும் ஒரே தெருவில் வளர்கிறார்கள், ஒரே ஸ்டுடியோவில் வேலை செய்கிறார்கள். பழி தீர்க்காமல் சேர்ந்து ஒரு படைப்பை உருவாக்க முடிந்ததை ஜார்ஜியக் கலையுலகின் பெருமையாகவே நான் மதிக்கிறேன்.

1984இல் வந்த 'பகல் இரவைவிட நீளமானது' அந்த ஆண்டு கான் விழாவின் போட்டிப் பிரிவில் இடம்பெற்றது. ஏவா என்ற கிராமத்துப் பெண்ணின் நீண்ட வாழ்க்கையோடு இருபதாம் நூற்றாண்டு ஜார்ஜியாவின் கதையையும் சொல்ல முயன்ற படம். கியா கஞ்செலியின் இசை இருக்கிறது. மலைநாட்டு நிலக்காட்சிகள் இருக்கின்றன. இருந்தாலும், இடையிடையே நாடோடிக் கூத்துக் குழு வந்து கதையை விளக்குவது எனக்கு ஒப்பவில்லை. ஒரு முகத்தை வைத்துக்கொண்டே எல்லாவற்றையும் சொல்லத் தெரிந்தவர் இவ்வளவு ஜோடனைகளைத் தேடியிருக்க வேண்டாம். 1986இல் வந்த 'சுழற்சி'யில் மறுபடி தன் பலத்துக்குத் திரும்பினார். வயதாகிவிட்ட ஒரு சினிமா நடிகையும் அவளுடைய தோழியும் மையம். நடிகையாக நடித்தவர் ஐம்பதுகளில் சோவியத் நாடெங்கும் கொண்டாடப்பட்ட லெய்லா அபாஷிட்ஸே. முதுமையை மறைக்காமல் கேமரா முன் உட்கார ஒரு நட்சத்திரத்தைச் சம்மதிக்க வைத்ததிலேயே இயக்குநரின் நேர்மை தெரிகிறது. 1987 டோக்கியோ விழாவில் இந்தப் படத்துக்குச் சிறந்த இயக்குநர் விருது கிடைத்தது.

பிறகு சோவியத் ஒன்றியம் உடைந்தது. 1991 டிசம்பரில் திபிலிசித் தெருக்களிலேயே சண்டை மூண்டது. அந்தக் கொந்தளிப்பின் நடுவில், 1992இல், 'பெச்சோராவில் ஒரு வால்ட்ஸ்' வந்தது. நுத்ஸா எழுதி வைத்த முகாம் கதைகளிலிருந்து பிறந்த படம். அனாதை விடுதியிலிருந்து தப்பி ஓடிவரும் சிறுமி தன் சொந்த வீட்டுக் கதவைத் தட்டுகிறாள். அங்கே இரகசியப் போலீஸ் அதிகாரி குடியிருக்கிறான். தொலைவில், உழைப்புக்கு லாயக்கில்லை என்று எந்த முகாமும் ஏற்றுக்கொள்ளாத பெண் கைதிகள் பனியில் நடந்துகொண்டே இருக்கிறார்கள். அந்தக் கூட்டத்தில் ஒருத்தி சிறுமியின் தாய். 1978இல் சில நிமிடங்களுக்குள் அடக்கியதை இங்கே முழுப் படமாக விரித்தார். இப்போது தணிக்கை இல்லை. ஆனால் படம் போய்ச் சேர வேண்டிய அரங்குகளும் இல்லை. நாட்டில் மின்சாரமும் ரொட்டியுமே தட்டுப்பாடாகிவிட்ட வருடங்கள் அவை.

அதன் பிறகு 27 ஆண்டுகள் அவரிடமிருந்து கதைப்படம் வரவில்லை. சும்மா இருந்தார் என்று நினைத்துவிடாதீர்கள். சுதந்திர ஜார்ஜியாவின் நாடாளுமன்றத்தில் உறுப்பினராக இருந்தார். ஸ்ட்ராஸ்பர்க்கில் ஐரோப்பிய மன்றத்தில் தம் நாட்டின் பிரதிநிதியாகவும், பின்னர் தூதராகவும் பணியாற்றினார். பெற்றோரைப் பறித்த அரசு மறைந்து, புதிய அரசு எழும்போது அதற்குத் தோள் கொடுப்பதைக் கடமையாக எடுத்துக்கொண்டார். ஒரு கலைஞரின் நல்ல ஆண்டுகள் இப்படிப் போய்விட்டனவே என்ற ஆதங்கம் எனக்கு உண்டு. அதற்காக அவரைக் குறைசொல்ல எனக்கு மனம் வராது.

2019இல், தொண்ணூறு வயதில், 'தங்க இழை' வந்தது. எலெனே என்ற எழுத்தாளர், 79 வயது. வீட்டை விட்டு வெளியே போக முடியாத நிலை. அவளுடைய பிறந்தநாள் வீட்டில் யாருக்கும் நினைவில்லை. சம்பந்தியம்மா மிராந்தாவுக்கு மறதி நோய் தொடங்கியிருப்பதால் அவளையும் அதே வீட்டில் கொண்டுவந்து வைக்கிறார்கள். அந்த மிராந்தா சோவியத் காலத்தில் பெரிய பதவியில் இருந்தவள். எலெனேயின் புத்தகம் தடைசெய்யப்பட்டதில் பங்குள்ளவள். ஒருத்திக்கு எல்லாமே நினைவிருக்கிறது. மற்றவளுக்கு நினைவு நழுவிக்கொண்டிருக்கிறது. சம்பந்திகள் இருவர் ஒரு கூரையின் கீழ் எப்படி இருப்பார்கள் என்று நமக்குச் சொல்லித் தர வேண்டியதில்லை. அந்தச் சாதாரணக் குடும்பச் சங்கடத்துக்குள் ஒரு நாட்டின் கணக்குத் தீராத கடந்த காலத்தையே வைத்துவிட்டார். எலெனேயாக நடித்தவர் நானா ஜோர்ஜாட்ஸே. அவரே பெயர்பெற்ற இயக்குநர்.

இதற்குள் ஓர் அதிசயம் நடந்திருந்தது. மாஸ்கோவுக்கு அருகே உள்ள ரஷ்ய அரசுத் திரைப்படக் காப்பகத்தில் 'பூபா'வின் பிரதி 2013இல் கண்டெடுக்கப்பட்டது. 2018இல் 'உஷ்முரி'யும் கிடைத்தது. தாயின் படங்களை மகள் முதன்முதலாகப் பார்த்தபோது மகளுக்கு வயது எண்பதைக் கடந்திருந்தது. தாய் இறந்து ஏறக்குறைய அரை நூற்றாண்டு. தாய் வாய் திறந்து சொல்லாததை அந்தப் படங்கள் சொல்லின. அதிலிருந்துதான் 2023இல் 'தாயும் மகளும், அல்லது இரவு ஒருபோதும் முழுமையல்ல' என்ற ஆவணப்படம் உருவானது. நுத்ஸாவின் படக்காட்சிகள், லானாவின் படக்காட்சிகள், குடும்பப் புகைப்படங்கள், இவற்றை இணைக்கும் லானாவின் குரல். 1978இல் சோஃபிகோ பிற பெண்களிடம் கேட்ட கேள்விகளை இங்கே லானா தன் தாயிடம் கேட்கிறார். பதிலைத் தாயின் படங்களில் தேடி எடுத்துக்கொள்கிறார்.

மூன்றாம் தலைமுறையும் உண்டு. லானாவின் மகள் சலோமே அலெக்ஸியும் இயக்குநர். அவருடைய 2009 குறும்படம் 'ஃபெலிசிதா', இத்தாலியில் வேலை பார்க்கும் ஜார்ஜியப் பெண் ஊரில் இறந்த கணவனுக்குக் கைப்பேசி வழியாக ஒப்பாரி வைப்பதைக் காட்டுகிறது. 2014இல் வந்த 'கடன் வரம்பு' அடமானத்தில் வீட்டை இழக்கும் நடுத்தரக் குடும்பத்துப் பெண்ணின் கதை. பாட்டி சதுப்பு நிலத்தை எடுத்தார், தாய் முகாமை எடுத்தார், பேத்தி வட்டிக்கடையை எடுக்கிறார். மூவரும் எடுத்தது அவரவர் காலத்து ஜார்ஜியாவை.

நண்பர்களே, முடிப்பதற்கு முன் திரைப்படச் சங்க நண்பர்களிடம் ஒரு வேண்டுகோள். லானாவின் படம் என்று ஏதோ ஒன்றை மட்டும் கொண்டுவந்து, ஒரு ஞாயிறு மாலை போட்டுவிட்டுக் கலைந்துவிடாதீர்கள். 'உஷ்முரி', 'சொந்த விஷயங்கள் குறித்துச் சில நேர்காணல்கள்', 'பெச்சோராவில் ஒரு வால்ட்ஸ்', 'தாயும் மகளும்' ஆகிய நான்கையும் இதே வரிசையில், அடுத்தடுத்த நாட்களில், தமிழ் வசன வரிகளோடு திரையிடுங்கள். மொழிபெயர்க்க ஆள் வேண்டுமென்றால் இந்த அரங்கிலேயே பத்துப் பேர் கை தூக்குவார்கள் என்று நம்புகிறேன். என் கை முதலில் உயரும்.